கேமை நீக்கியாச்சு, இடம் ஏன் வரவில்லை?

டெஸ்க்டாப்பில் இருந்த ஐகானை அழித்தாயிற்று. ஸ்டார்ட் மெனுவில் தேடினாலும் கேமின் பெயர் வரவில்லை. ஆனால் ‘திஸ் பிசி’யைத் திறந்தால் சி டிரைவின் பட்டை இன்னும் சிவப்பாகவே நிற்கிறது. காலி இடம் பத்து சதவீதத்துக்குக் கீழே போனால் விண்டோஸ் அந்தப் பட்டையைச் சிவப்பாக்கும். அறுபது, எழுபது ஜிபி கேமை எடுத்துவிட்டதாக நினைத்த பிறகும் அது நீலமாகவில்லை என்றால், கேம் இன்னும் உள்ளேதான் இருக்கிறது.

தண்டலத்தில் இருந்து பேரம்பாக்கம் போகும் சாலையில் இருக்கிறது மண்ணூர். அங்கேயும், பக்கத்தில் வளர்புரம், சுங்குவார்சத்திரம், ஒரகடம் என்று தொழிற்சாலைகளைச் சுற்றி எழுந்த வாடகை அறைகளிலும் இந்தச் சிக்கலுக்கு ஆள் தேட வேண்டியதில்லை. டிப்ளமோ முடித்து அப்ரண்டிஸாக வந்த பையன்கள் மூன்று நான்கு பேர் ஓர் அறையில் இருப்பார்கள். லேப்டாப் ஒன்றுதான் இருக்கும். ‘ஏ’ ஷிஃப்ட் முடித்து வந்தவர் ஜிடிஏ ஆடுவார்; நைட் ஷிஃப்டுக்குப் போகிறவர் பகலில் வேலரன்ட் ஆடுவார். ஒருவர் வேலையில் மேலே போக வேண்டும் என்று ஆட்டோகேட், சாலிட்வொர்க்ஸ் கற்கச் சேருவார். மென்பொருளை ஏற்றப் போனால் இடம் போதவில்லை என்று நின்றுவிடும். “மச்சி, ஃபார்மேட் அடிச்சிடு, எல்லாம் சரியாயிடும்” என்பார் அறையில் ஒருவர்.

ஃபார்மேட் அடிக்கத் தேவையில்லை. அப்படி அடித்தால் ஐடிஐ சான்றிதழ் ஸ்கேன், பேஸ்லிப், அக்காவின் கல்யாணப் படங்கள் எல்லாம் கேமோடு சேர்ந்து போகும். 2007-ல் இருந்து டெல் கம்ப்யூட்டர் தயாராகி வெளியே போகும் ஊர் ஸ்ரீபெரும்புதூர். அந்தப் பகுதியில் வேலை செய்யும் ஒரு பிள்ளைக்குத் தன் கம்ப்யூட்டரில் இருந்து ஒரு கேமை எடுக்க இன்னொருவர் தயவு வேண்டியிருக்கக் கூடாது. கம்ப்யூட்டருக்குள் என்ன நடக்கிறது என்று ஒருமுறை தெரிந்துகொண்டால் போதும், எந்தக் கேமையும் தடயமில்லாமல் எடுத்துவிடலாம்.

கம்பெனிக்குள் கான்ட்ராக்ட் வேலைக்குக் கருவிகளோடு போகிறவர்களுக்கு இது எளிதில் புரியும். கேட்டில் செக்யூரிட்டி, கொண்டுவந்த பொருளை எல்லாம் ரிஜிஸ்டரில் எழுதுவார்: டிரில்லிங் மெஷின் ஒன்று, ஸ்பேனர் செட் ஒன்று. வெளியே வரும்போது அந்தப் பட்டியலை வைத்துத்தான் சரிபார்ப்பார். உள்ளே வேலை செய்தபோது உருவானவை, வெட்டிய துண்டு, சிந்திய எண்ணெய், பட்டியலில் இருக்காது. இன்ஸ்டாலரும் இப்படித்தான். கேமை ஏற்றும்போது எந்த ஃபைலை எங்கே வைத்தோம் என்று ஒரு பதிவு எழுதிவைக்கும். பல கேம்களின் ஃபோல்டரில் ‘அன்இன்ஸ் 000’ என்று பெயர் வைத்த இரண்டு ஃபைல்களைப் பார்த்திருப்பீர்கள். ஒன்று நீக்கும் புரோகிராம், மற்றது அந்தப் பதிவு. அன்இன்ஸ்டால் என்று அழுத்தினால், பதிவில் உள்ளதை மட்டும் அது எடுக்கும். நீங்கள் ஆடத் தொடங்கிய பிறகு பிறந்தவை அதில் இல்லை. சேவ் ஃபைல், செட்டிங்ஸ், கிராஃபிக்ஸ் கார்டுக்காகச் சேர்த்துவைத்த ஷேடர் கேஷ், நண்பர் தந்த மாட், எடுத்த ஸ்கிரீன்ஷாட் எல்லாம் அப்படியே தங்கும்.

ஏன் இப்படி? மொத்த ஃபோல்டரையும் அழித்துவிட்டால் என்ன? அப்படிச் செய்த ஒரு கேம் வரலாற்றில் இருக்கிறது. அமெரிக்காவின் பங்கி நிறுவனம் 1998 கடைசியில் ‘மித் 2’ என்ற கேமை வெளியிட இருந்தது. சிடிக்கள் தயாராகி அனுப்பிய நேரத்தில்தான் அதன் அன்இன்ஸ்டாலரில் இருந்த கோளாறு தெரியவந்தது. கேம் எந்த ஃபோல்டரில் இருக்கிறதோ, அந்த ஃபோல்டரையே அது அழித்தது. யாராவது கேமைத் தனி ஃபோல்டரில் போடாமல் நேராக சி டிரைவின் மேல்மட்டத்தில் ஏற்றியிருந்தால், நீக்கும்போது டிரைவே காலியாகிவிடும். பங்கி அந்தப் பிரதிகளைத் திரும்பப் பெற்று, திருத்தி, மறுபடி அடித்து அனுப்பியது. சின்ன நிறுவனத்துக்கு அது பெரிய நஷ்டம். 2015 ஜனவரியிலும் இப்படி ஒன்று நடந்தது. ஸ்டீம் என்ற கேம் கடையின் லினக்ஸ் பதிப்பில் இருந்த ஒரு ஸ்கிரிப்டில், ஃபோல்டரின் முகவரி இருக்க வேண்டிய இடம் சில சமயம் காலியாகிவிட, அழிக்கும் கட்டளை பயனரின் சொந்த ஃபைல்கள் மேலேயே பாய்ந்தது. அதனால் அன்இன்ஸ்டாலர்கள் தயங்கித் தயங்கித்தான் அழிக்கின்றன. அந்தத் தயக்கம் நமக்கு நல்லது. மிச்சத்தை எடுப்பது மட்டும் நம் வேலையாகிறது.

இங்கே அதிகம் நடக்கும் தவறுகள் இரண்டு. முதலாவது, டெஸ்க்டாப் ஐகானை மட்டும் அழிப்பது. ஐகான் கேம் இருக்கும் இடத்தைக் காட்டும் ஒரு சுட்டி. அதை அழித்தால் சில கேபிகூட மிச்சமாகாது. இரண்டாவது, கேம் ஃபோல்டரைக் கண்டுபிடித்து ஷிஃப்ட், டெலிட் என்று கையாலேயே அழிப்பது. இடம் கொஞ்சம் கிடைக்கும். ஆனால் நீக்கும் புரோகிராமும் அதன் பதிவும் அந்த ஃபோல்டரோடு போய்விடும். பிறகு செட்டிங்ஸில் கேமின் பெயர் மட்டும் நிற்கும். அழுத்தினால் பிழைச் செய்தி வரும். இப்படி ஆகியிருந்தால், கன்ட்ரோல் பேனலில் ‘புரோகிராம்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ்’ போய் அந்தப் பெயரை அழுத்துங்கள். “இது ஏற்கெனவே நீக்கப்பட்டிருக்கலாம், பட்டியலில் இருந்து எடுக்கவா?” என்று விண்டோஸ் கேட்டால், எஸ் கொடுத்தால் பெயர் போய்விடும். கேட்காவிட்டால், இன்ஸ்டால், அன்இன்ஸ்டால் சிக்கல்களுக்கென்றே மைக்ரோசாஃப்ட் இலவசமாகத் தரும் டிரபிள்ஷூட்டர் இருக்கிறது. அதை மைக்ரோசாஃப்ட் தளத்தில் இருந்தே இறக்குங்கள், வேறு எங்கேயும் வேண்டாம்.

நீக்கும் முன் நீங்கள் எடுக்க வேண்டிய முடிவு ஒன்று உண்டு. சேவ் ஃபைல் வேண்டுமா, வேண்டாமா? பாதி ஆட்டத்தில் நிற்கும் கேமை இடத்துக்காக எடுத்துவிட்டு, போனஸ் பணத்தில் பெரிய எஸ்எஸ்டி வாங்கிப் போட்டதும் திரும்ப ஏற்றலாம் என்று இருந்தால், சேவை மட்டும் பென் டிரைவில் பத்திரப்படுத்துங்கள். அது பெரும்பாலும் சில எம்பிதான். அது எங்கே இருக்கும் என்பதுதான் கேள்வி. கேமுக்குக் கேம் இடம் மாறும். ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ், வைஸ் சிட்டி என்றால் டாகுமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் அந்தந்தக் கேமின் பெயரில், ‘யூசர் ஃபைல்ஸ்’ என்று முடியும் ஃபோல்டரில். ஜிடிஏ 5 என்றால் டாகுமென்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸ் என்ற ஃபோல்டருக்குள். சில கேம்களுக்கு டாகுமென்ட்ஸில் ‘மை கேம்ஸ்’, சிலவற்றுக்கு உங்கள் பயனர் ஃபோல்டரில் ‘சேவ்டு கேம்ஸ்’. மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு, ஸ்டார்டியூ வேலி போன்றவை ஆப்டேட்டா என்ற மறைந்த ஃபோல்டருக்குள் ரோமிங் என்ற உள் ஃபோல்டரில் வைக்கின்றன. யூனிட்டி என்ஜினில் செய்த கேம்கள் பெரும்பாலும் அங்கேயே லோக்கல்லோ என்ற ஃபோல்டரில் எழுதும்.

ஆப்டேட்டா சாதாரணமாகக் கண்ணில் படாது. விண்டோஸ் பட்டனையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் ‘ரன்’ பெட்டி வரும். அதில் ஆப்டேட்டா என்ற சொல்லை ஆங்கிலத்தில் இடைவெளியில்லாமல், முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு எழுதி என்டர் அடித்தால் நேராக ரோமிங் திறக்கும். ஒரு படி மேலே போனால் லோக்கலும் லோக்கல்லோவும் பக்கத்திலேயே நிற்கும். இந்த மூன்றையும் நினைவில் வையுங்கள். நீக்கிய பிறகு மறுபடி இங்கேதான் வரப் போகிறோம்.

லேப்டாப் பொதுவாக இருக்கும் அறைகளுக்கு இன்னொரு விஷயம். ஒவ்வொருவரும் தனித்தனி விண்டோஸ் லாகின் வைத்திருந்தால், ஆப்டேட்டாவும் டாகுமென்ட்ஸும் ஆளுக்கு ஒன்று. உங்கள் லாகினில் இருந்து கேமை நீக்கினால் பெரும்பாலும் கேம் எல்லோருக்கும் போகும். ஆனால் மற்றவர்களின் சேவும் கேஷும் அவரவர் ஃபோல்டரில் கிடக்கும். ஆகவே, நீக்கும் முன் அறையில் இருப்பவர்களிடம் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். ஒருவர் மாதக்கணக்கில் ஆடிச் சேர்த்ததை இன்னொருவர் ஒரு கிளிக்கில் அழித்துவிடக் கூடாது. ஸ்டீமில் கிளவுட் சேவ் வசதி இருக்கிறது என்று நம்பி இருந்துவிடாதீர்கள்; எல்லாக் கேமுக்கும் அது கிடையாது. லைப்ரரியில் அந்தக் கேமின் பக்கத்தில் மேகக் குறி இருக்கிறதா என்று பாருங்கள்.

இனி நீக்கலாம். எந்தக் கடை வழியாகக் கேம் வந்ததோ, அந்தக் கடை வழியாகவே நீக்குவதுதான் சரி. ஸ்டீமில் வாங்கியது என்றால் லைப்ரரியில் பெயர் மேல் ரைட் கிளிக், மேனேஜ், அன்இன்ஸ்டால். எபிக் என்றால் லைப்ரரியில் மூன்று புள்ளியை அழுத்தினால் வரும். எக்ஸ்பாக்ஸ் ஆப், மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் இருந்து வந்தது என்றால் விண்டோஸ் 11-ல் செட்டிங்ஸ், ஆப்ஸ், இன்ஸ்டால்டு ஆப்ஸ். விண்டோஸ் 10-ல் ஆப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ். சி டிரைவில் ‘எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்’ என்று ஒரு ஃபோல்டர் இருக்கும், நீக்கிய பிறகு அதில் மிச்சம் உண்டா என்று பார்க்கலாம். ‘விண்டோஸ்ஆப்ஸ்’ என்று பூட்டிய ஃபோல்டர் ஒன்றும் உண்டு. அனுமதியை மாற்றிப் பூட்டை உடைத்து அதற்குள் கைவைக்காதீர்கள். ஸ்டோரில் இருந்து வந்த மற்ற ஆப்களும் அதே ஃபோல்டரில்தான் இருக்கின்றன.

ஸ்டீம் தன் கேம்களை எல்லாம் ‘ஸ்டீம்ஆப்ஸ்’ ஃபோல்டருக்குள் ‘காமன்’ என்ற இடத்தில் வைக்கிறது. மாட் போட்டு ஆடிய கேம் என்றால், நீக்கிய பிறகும் அங்கே கேமின் பெயரில் ஃபோல்டர் மிஞ்சும். நீங்கள் கையால் போட்ட ஃபைல் ஸ்டீமின் பதிவில் இல்லை, அதனால் அதை அது தொடுவதில்லை. அந்த ஃபோல்டரை நீங்களே அழித்துவிடலாம். பக்கத்தில் ‘டவுன்லோடிங்’ என்ற ஃபோல்டரில் பாதியில் நின்ற இறக்கங்கள் தங்கியிருக்கும். ‘ஒர்க்‌ஷாப்’, ‘ஷேடர்கேஷ்’ இரண்டையும் ஒருமுறை பாருங்கள். ஒரே எச்சரிக்கை: ஸ்டீமையே விண்டோஸில் இருந்து அன்இன்ஸ்டால் செய்தால், அதன் ஃபோல்டரில் இருக்கும் எல்லாக் கேமும் சேர்ந்து போகும். ஒரு கேமுக்காகக் கடையையே மூடிவிடாதீர்கள். அந்த ஃபோல்டருக்குள் வேறு சொந்த ஃபைல் எதையும் வைக்கவும் வேண்டாம்.

ஜிடிஏ 5-ல் இன்னொரு அடுக்கு உண்டு. 2015 ஏப்ரலில் கம்ப்யூட்டருக்கு வந்த அந்தக் கேம் இன்று நூறு ஜிபியைத் தொடுகிறது. பட்டை சிவப்பாவதற்கு அது ஒன்றே போதும். ஸ்டீமிலோ எபிக்கிலோ வாங்கியிருந்தாலும் கேமைச் செய்த ராக்ஸ்டார் நிறுவனத்தின் சொந்த லாஞ்சரை அது கூடவே ஏற்றும். சோஷியல் கிளப் என்று இன்னொரு புரோகிராமும் வரும். கேமை நீக்கினால் இவை போவதில்லை. ராக்ஸ்டாரின் வேறு கேம் எதுவும் இல்லை என்றால், இன்ஸ்டால்டு ஆப்ஸ் பட்டியலில் ஆர் எழுத்துக்குப் போய் இரண்டையும் தனித்தனியாக எடுங்கள்.

வேலரன்ட் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில் இடத்தைவிடப் பெரிய விஷயம் இருக்கிறது. ரயட் நிறுவனம் 2020 ஜூனில் வெளியிட்ட இந்தக் கேமோடு வேன்கார்டு என்ற ஏமாற்றுத் தடுப்பு மென்பொருளும் ஏறுகிறது. அது விண்டோஸின் அடி ஆழத்தில், கெர்னல் மட்டத்தில், கம்ப்யூட்டர் ஆன் ஆகும்போதே ஓடத் தொடங்கிவிடும். கேமை ஆடாத நாளிலும் ஓடும். கேமையே நீக்கிய பிறகும் ஓடும். பட்டியலில் அது தனிப் பெயராகத்தான் இருக்கிறது. கேமை எடுத்துப் பல மாதமான லேப்டாப்பில், கடிகாரத்தின் பக்கத்தில் இருக்கும் சின்ன அம்புக்குறியைத் திறந்தால் வேன்கார்டின் சிவப்புக் குறி உட்கார்ந்திருக்கும். ஒரு கேம் போன பிறகு அதன் காவலாளிக்கு உங்கள் கம்ப்யூட்டரின் அடித்தளத்தில் வேலை இல்லை.

எடுக்கும் வழி: அந்தச் சிவப்புக் குறியை ரைட் கிளிக் செய்து ‘எக்ஸிட் வேன்கார்டு’ கொடுங்கள். பிறகு இன்ஸ்டால்டு ஆப்ஸில் வேலரன்ட், ரயட் வேன்கார்டு, ரயட் கிளையன்ட் என்று ஒவ்வொன்றாக நீக்கி ரீஸ்டார்ட் செய்யுங்கள். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் ஆடுகிறவர்கள் வேன்கார்டை விட்டுவைக்க வேண்டும். 2024 மே மாதத்தில் இருந்து அந்தக் கேமுக்கும் அது தேவை. அன்இன்ஸ்டால் முரண்டு பிடித்தால், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து ‘எஸ்சி டெலீட் விஜிசி’ என்றும், அடுத்து ‘எஸ்சி டெலீட் விஜிகே’ என்றும் ஆங்கில எழுத்தில் அடியுங்கள். ரீஸ்டார்ட் செய்து, புரோகிராம் ஃபைல்ஸில் இருக்கும் ரயட் வேன்கார்டு ஃபோல்டரை அழியுங்கள். ரயட்டின் வேறு கேம் எதுவும் இல்லை என்றால், சி டிரைவில் ‘ரயட் கேம்ஸ்’ ஃபோல்டர் மிஞ்சியிருந்தால் அதுவும் போகலாம். ஈசி ஆன்டி-சீட், பேட்டில்ஐ என்ற பெயர்களைப் பார்த்தால் மட்டும் கொஞ்சம் பொறுங்கள். அவை பல கேம்களுக்குப் பொது. வேறு எந்த ஆன்லைன் கேமும் இல்லை என்று உறுதியான பிறகே எடுங்கள்.

பழைய லேப்டாப்களில் அடிக்கடி கிடைக்கும் புதையல் எமுலேட்டர். நல்ல போன் இல்லாதவர்கள் பப்ஜி மொபைலைக் கம்ப்யூட்டரில் ஆடிய காலம் ஒன்று இருந்தது. டென்சென்ட்டின் கேம்லூப்பில் பப்ஜியும், புளூஸ்டாக்ஸில் ஃப்ரீ ஃபயரும் ஓடின. 2020 செப்டம்பர் 2-ம் தேதி மத்திய அரசு தடை செய்த 118 ஆப்களில் பப்ஜி மொபைலும் ஒன்று. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயரும் தடையானது. போனில் இருந்து அந்த ஆப்கள் போய்விட்டன. கம்ப்யூட்டரில் எமுலேட்டரை யாரும் நினைக்கவில்லை. எமுலேட்டர் என்பது ஒரு முழு ஆண்ட்ராய்டு போனையே ஒரு பெரிய டிஸ்க் ஃபைலுக்குள் வைத்திருக்கும் ஏற்பாடு. கேம் வளர வளர அந்த ஃபைலும் பெருகும். உள்ளே போய்க் கேமை நீக்கினால், வெளியே அந்த ஃபைல் தானாகச் சுருங்காது. அதனால்தான் “பப்ஜியை அப்பவே எடுத்துட்டேனே” என்கிறவரின் டிரைவில் இன்னும் இருபது, முப்பது ஜிபி காணாமல் போயிருக்கிறது.

எமுலேட்டரையே எடுத்தால்தான் இடம் வரும். கேம்லூப்பை நீக்கிய பிறகு, புரோகிராம் ஃபைல்ஸிலும் மற்ற டிரைவ்களின் மேல்மட்டத்திலும் ‘டிஎக்ஸ் கேம்அசிஸ்டென்ட்’ என்ற ஃபோல்டரும், ‘டெம்ப்’ ஃபோல்டருக்குள் ‘டிஎக்ஸ் கேம்டவுன்லோட்’ என்ற ஃபோல்டரும் இருக்கின்றனவா என்று பாருங்கள். பெயரில் கேம்லூப்பும் இல்லை, பப்ஜியும் இல்லை என்பதால் பலரும் இதை விண்டோஸுக்குச் சொந்தமானது என்று நினைத்து விட்டுவிடுகிறார்கள். புளூஸ்டாக்ஸுக்கு அந்த நிறுவனமே ஒரு கிளீனர் கருவி தருகிறது. அதை ஓட்டிவிட்டு, சி டிரைவில் மறைந்திருக்கும் ‘புரோகிராம்டேட்டா’ ஃபோல்டரில் புளூஸ்டாக்ஸ் என்று தொடங்கும் ஃபோல்டர் போய்விட்டதா என்று சரிபாருங்கள்.

பென் டிரைவில் கைமாறி வரும் கிராக் கேம்களைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. அவற்றை ஏற்றும்போது, “ஆன்டிவைரஸில் இந்த ஃபோல்டரை விலக்கு” என்று ஒரு குறிப்பு கூடவே வரும். சொன்னபடி செய்திருப்பீர்கள். கேமை நீக்கினாலும் அந்த விலக்கு நீங்காது. அந்த ஃபோல்டருக்குள் நாளைக்கு எது வந்து உட்கார்ந்தாலும் விண்டோஸின் ஆன்டிவைரஸான டிஃபெண்டர் திரும்பிப் பார்க்காது. கேமின் மிச்சங்களிலேயே ஆபத்தானது இதுதான் என்பது என் எண்ணம். விண்டோஸ் செக்யூரிட்டியைத் திறந்து, வைரஸ் அண்ட் த்ரெட் புரொடெக்‌ஷன், மேனேஜ் செட்டிங்ஸ் என்று போய்க் கீழே வந்தால் ‘எக்ஸ்குளூஷன்ஸ்’ இருக்கும். நீக்கிய கேமுக்காகப் போட்டதையும், நீங்கள் அறிந்து போடாத எதையும் அதில் விட்டுவைக்காதீர்கள். பிறகு ஒரு ஃபுல் ஸ்கேன் ஓட்டுங்கள். நைட் ஷிஃப்டுக்குக் கிளம்பும்போது போட்டுவிட்டுப் போனால் காலையில் முடிந்திருக்கும்.

காசு கொடுத்து வாங்கிய கேமும் எல்லாம் சுத்தம் என்று சொல்ல முடியாது. 2008-ல் எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் வெளியிட்ட ‘ஸ்போர்’ கேமில் செக்யூரோம் என்ற நகல் தடுப்பு மென்பொருள் இருந்தது. கேமை நீக்கிய பிறகும் அது கம்ப்யூட்டரிலேயே தங்குகிறது, வாங்குபவருக்கு அதைச் சொல்லவும் இல்லை என்று கலிஃபோர்னியாவில் வழக்கே போட்டார்கள். 2015-ல் விண்டோஸ் 10 வந்தபோது, அந்தக் காலத்து நகல் தடுப்பு டிரைவர்கள் சிலவற்றை ஓட்டுவதையே மைக்ரோசாஃப்ட் நிறுத்தியது. விண்டோஸ் 7-ல் இன்னும் ஓடும் பழைய டெஸ்க்டாப் யாரிடமாவது இருந்தால்தான் இதைப் பற்றிக் கவலைப்பட வேண்டும்.

இப்போது மிச்சம் தேடும் கட்டம். ரீஸ்டார்ட் செய்த பிறகு புரோகிராம் ஃபைல்ஸ், எக்ஸ்86 என்று முடியும் இன்னொரு புரோகிராம் ஃபைல்ஸ், புரோகிராம்டேட்டா, டாகுமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், பிறகு ஆப்டேட்டாவின் மூன்று உள் ஃபோல்டர்கள் ஆகியவற்றில் தேடுங்கள். கேமின் பெயரில் மட்டும் தேடினால் போதாது, அதைச் செய்த நிறுவனத்தின் பெயரிலும் தேட வேண்டும். ஒரே நிறுவனத்தின் இன்னொரு கேமை வைத்திருந்தால், நிறுவன ஃபோல்டரைத் திறந்து அதற்குள் நீக்கிய கேமின் ஃபோல்டரை மட்டும் அழியுங்கள். முதலில் ரீசைக்கிள் பின்னுக்குப் போகட்டும். ஒரு வாரம் எதுவும் கெடவில்லை என்றால் பின்னைக் காலி செய்யலாம். அதைக் காலி செய்யும்வரை இடம் திரும்பாது.

எங்கே இடம் போகிறது என்றே பிடிபடவில்லை என்றால் விஸ்ட்ரீ, வின்டிர்ஸ்டாட் போன்ற இலவசக் கருவிகள் உதவும். டிரைவ் முழுவதையும் அளந்து, பெரிய ஃபோல்டரை மேலே காட்டும். நாலைந்து நிமிடத்தில் குற்றவாளி தெரிந்துவிடும். செட்டிங்ஸில் சிஸ்டம், ஸ்டோரேஜ், டெம்பரரி ஃபைல்ஸ் என்று போனால் டைரக்ட்எக்ஸ் ஷேடர் கேஷ் இருக்கும். அதையும் டிக் அடித்து நீக்கலாம். ஆனால் அந்தப் பட்டியலில் டவுன்லோட்ஸ் ஃபோல்டரும் இருக்கிறது. அதில் டிக் விழுந்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

தொடக்கூடாதவை சில. விஷுவல் சி பிளஸ் பிளஸ் என்று 2010, 2013, 2015 என ஆண்டு போட்டு வரிசையாக நிற்பவற்றைக் கேம்தான் ஏற்றியிருக்கும். அவற்றை ஆட்டோகேட் போன்ற மென்பொருள்களும் பயன்படுத்தும். எடுத்தால் சம்பந்தமில்லாத ஒன்று திறக்காமல் போகும். ரெஜிஸ்ட்ரியையும் விட்டுவிடுங்கள். அங்கே ஒரு கேம் விட்டுப்போவது சில கேபிதான். அதை நீக்கி லேப்டாப் வேகமாகப் போவதில்லை. ரெஜிஸ்ட்ரி கிளீனர்களைப் பயன்படுத்துவதை மைக்ரோசாஃப்ட் ஆதரிப்பதில்லை. வீடியோவில் யாராவது ‘ஸ்பீடு பூஸ்டர்’ என்று காட்டினால் ஏற்றாதீர்கள். ரெவோ, பல்க் கிராப் அன்இன்ஸ்டாலர் போன்ற கருவிகள் மிச்சத்தைத் தேடித் தரும். அவை காட்டும் பட்டியலில் பெயர் தெரிந்ததை மட்டும் அழிப்பவருக்கு அவை நல்லவைதான்.

2011 செப்டம்பரில் தமிழ்நாடு அரசு கொடுக்கத் தொடங்கிய இலவச லேப்டாப்கள் இன்னும் சில வீடுகளில் ஓடுகின்றன. அவற்றில் விண்டோஸோடு பாஸ் லினக்ஸும் இருந்தது. லினக்ஸ் பக்கம் ஒயின் என்ற மென்பொருள் வழியாக விண்டோஸ் கேம் ஆடியிருந்தால், ஹோம் ஃபோல்டரில் புள்ளியில் தொடங்கும் ‘ஒயின்’ ஃபோல்டருக்குள் ஒரு போலி சி டிரைவே இருக்கும். கன்ட்ரோல், எச் இரண்டையும் சேர்த்து அழுத்தினால் தெரியும். கேம் அதற்குள்தான்.

லேப்டாப்பை விற்கப் போகிறவர்கள் இன்னும் ஒரு படி போக வேண்டும். கம்பெனி மாறி ஒசூருக்கோ கோயம்புத்தூருக்கோ போகும்போது அறையில் இருக்கும் அடுத்தவருக்கே கைமாற்றிவிட்டுப் போவது இங்கே வழக்கம். ஹார்டு டிஸ்க்கில் ஃபைலை அழித்தால், அந்த இடம் காலி என்று குறித்துக்கொள்ளப்படுகிறது, அவ்வளவுதான். மேலே வேறு ஏதாவது எழுதப்படும்வரை மீட்புக் கருவிகளால் எடுத்துவிடலாம். எஸ்எஸ்டியில் ட்ரிம் என்ற ஏற்பாடு அழித்த இடத்தைத் தானே துடைத்துவிடுவதால் மீட்பது மிகக் கடினம். விற்கும் முன், செட்டிங்ஸில் சிஸ்டம், ரெக்கவரி, ரீசெட் திஸ் பிசி என்று போய் ‘ரிமூவ் எவ்ரிதிங்’ கொடுத்து, சேஞ்ச் செட்டிங்ஸில் ‘கிளீன் டேட்டா’வை ஆன் செய்யுங்கள். ஹார்டு டிஸ்க் என்றால் பல மணி நேரம் ஆகும், சார்ஜர் செருகியே இருக்கட்டும்.

கேம் போனாலும் கணக்கு போகாது. ஸ்டீம், எபிக், ரயட் எதுவாக இருந்தாலும் உங்கள் மெயில் ஐடியும் வாங்கிய கேம்களும் அவர்களிடம் அப்படியே இருக்கும். நல்லதுதான், திரும்ப ஏற்றும்போது மறுபடி காசு கொடுக்க வேண்டாம். கைமாற்றும் முன் எல்லா லாஞ்சரிலும் லாக் அவுட் செய்து, பாஸ்வேர்டை மாற்றிவிடுங்கள். கேம் பாஸ் போன்ற மாதச் சந்தா, கேமை நீக்கியதால் நிற்காது. அடுத்த மாதமும் பணம் போகும். மைக்ரோசாஃப்ட் கணக்கில் சந்தாவை ரத்து செய்து, யுபிஐ ஆப்பில் ஆட்டோபே பகுதியைத் திறந்து அந்த அனுமதி இன்னும் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அங்கேயும் ரத்து செய்யுங்கள்.